எதிர்ப்பு என்றொரு சொல்

தினந்தோறும் காலையில் பத்திரிகையைப் பிரித்தவுடன் நம்மை வரவேற்கும் சொற்கள் சில உண்டு. அவற்றுள் 'எதிர்ப்பு' என்பது முதன்மையானது. புது வரிக்கு எதிர்ப்பு. புதுச் சாலைக்கு எதிர்ப்பு. சாலை போடாததற்கு எதிர்ப்பு. ஒரு சினிமாப் படத்துக்கு எதிர்ப்பு. அந்த எதிர்ப்புக்கு எதிர்ப்பு. ஒரே பக்கத்தில் இத்தனையும் இடம் பிடித்துக் கொள்கின்றன. கடைசிப் பக்கத்து விளம்பரத்திலோ ஏதோ ஒரு சத்துமாவு நோய் எதிர்ப்பை அளிப்பதாகச் சத்தியம் செய்கின்றது. வெளிநாட்டுச் செய்திகளுக்குப் போனால் இன்னும் விசேஷம். எல்லையைத் தாண்டிப் பிறர் நாட்டுக்குள் புகுந்த சேனையும், தான் எதிரியை எதிர்த்தே போர் புரிவதாக அறிக்கை விடுகின்றது. தன் வாசலில் நின்று அதைத் தடுப்பவனும் அதே சொல்லைத்தான் சொல்லுகிறான்.

இப்படி எல்லோருக்கும் பொதுவாகிவிட்ட ஒரு சொல்லுக்கு இனி என்ன பொருள் எஞ்சியிருக்கும் என்ற கவலை நமக்கு உண்டாயிற்று. ஒரு சொல்தானே, போனால் போகட்டும் என்று விட்டுவிடவும் மனம் வரவில்லை. அடித்தவனையும் அடிபட்டவனையும் ஒரே பெயரால் அழைக்கின்ற ஊரில், நியாயம் கேட்கப் போகிறவனுக்கு வழக்கைச் சொல்லவே வார்த்தை அகப்படாது. ஆகையால் இந்தச் சொல்லைச் சற்று உரைகல்லில் தேய்த்துப் பார்ப்போம் என்று துணிந்தோம். நேயர்களும் நம்முடன் சிறிது தூரம் வரவேண்டும்.

'எதிர்' என்பதற்கு நம் மொழியில் முதற்பொருள் முன்புறம் என்பதே. நம் வீட்டு வாசலுக்கு நேரே வாசல் வைத்திருப்பவர் எதிர்வீட்டுக்காரர். அவரோடு நமக்குப் பகை இருந்துதான் தீரவேண்டும் என்பதில்லை. பெரும்பாலும் காப்பிப் பொடி கடன் வாங்கும் உறவே இருந்து வருகின்றது. தெருவில் ஒருவரைத் தற்செயலாகச் சந்தித்தால் 'எதிர்ப்பட்டார்' என்கிறோம். மலையில் கூவினால் திரும்பி வருவது எதிரொலி. ஊரிலிருந்து வரும் பெண்ணையும் மாப்பிள்ளையையும் வாசலுக்குப் போய் அழைத்து வருவது எதிர்கொள்ளல். மதுரையில் சித்திரைத் திருவிழாவின்போது மலையிலிருந்து இறங்கி வரும் அழகரை வழியிலேயே கண்டு, ஆயிரக்கணக்கான மக்கள் ஆரவாரம் செய்து வரவேற்கிறார்களே, அந்தக் கோலாகலத்துக்குப் பெயர் என்ன? எதிர்சேவை! தெய்வத்தை வரவேற்கும் அன்புக்கும் பகைவனைத் தடுக்கும் உறுதிக்கும் தமிழன் ஒரே வேர்ச்சொல்லை வைத்திருக்கிறான் என்பதை நினைக்குந்தோறும் நமக்கு வியப்பு உண்டாகின்றது. இரண்டிலும் பொதுவாக இருப்பது ஒன்றுதான்: வருகிறவருக்கு முகத்தைக் காட்டி நிற்பது.

இன்னொரு விசேஷமும் உண்டு. நன்னூலார் காலத்தை மூன்றாக வகுத்து, அவற்றுக்கு இறப்பு, நிகழ்வு, எதிர்வு என்று பெயரிட்டார். இன்னும் வராத காலம் எதிர்வு; நாம் எதிர்காலம் என்கிறோம். திருவள்ளுவரும் அறிவுடைமையைப் பற்றிச் சொல்லுமிடத்தில், வரப்போவதை முன்னறிந்து காத்துக் கொள்ளும் அறிவுடையோரைத் திடுக்கிடச் செய்யும் துன்பம் அணுகாது என்று கூறி, அந்த வரப்போவதை 'எதிர்' என்னும் சொல்லாலேயே குறித்தார். ஆகவே எதிர்த்து நிற்பவன் பின்னால் நடந்துபோன பழங்கதையைப் பார்த்து நிற்பவன் அல்லன். இனி வரப்போவதைப் பார்த்து நிற்பவன். பழி வாங்குதற்கும் எதிர்ப்புக்கும் உள்ள பேதம் இந்த ஓரிடத்தில் இருக்கின்றது. பழி வாங்குகிறவன் முகம் பின்னோக்கித் திரும்பியிருக்கிறது.

இனி, எதனை எதிர்ப்பது? அதற்கு இன்று நாம் வழங்கும் சொல் 'ஆக்கிரமிப்பு'. இது வடமொழியிலிருந்து வந்தது. அதன் வேர் அடியெடுத்து வைத்தலைக் குறிக்கும்; பிறர் இடத்தின்மேல் காலை ஊன்றுதல் என்பது கருத்து. இங்கிலீஷ்காரர்கள் இதே பொருளில் 'அக்ரெஷன்' என்று சொல்லும் சொல்லும் லத்தீனில் அடியெடுத்து வைத்தலைக் குறிக்கும் வேரிலிருந்து பிறந்ததுதான். ஒன்றுக்கொன்று வெகுதூரத்திலிருந்த இரண்டு மொழிகள் இந்தக் காரியத்தைப் பார்த்தபோது, இரண்டின் கண்ணிலும் முதலில் பட்டது காலடியே. நம் ஊர்ப் பேச்சு இதை இன்னும் நன்றாக நினைவில் வைத்திருக்கிறது. ஒரு தேசம் மற்றொரு தேசத்தைக் கவர்வதும் ஆக்கிரமிப்பு; ஏரிக்கரையில் நாலு கீற்றை நட்டுக் கடை போடுவதும் ஆக்கிரமிப்பு. அளவில்தான் பேதம். காலடியில் பேதமில்லை.

இங்கிலீஷில் எதிர்ப்புக்கு வழங்கும் 'ரெஸிஸ்டன்ஸ்' என்னும் சொல்லோ லத்தீனில் நிற்றல் என்னும் பொருளுடைய வேரிலிருந்து வந்தது. அவர்களுக்கு எதிர்ப்பாவது நகராமல் நிற்பது. நமக்கு அது முகம் கொடுத்து நிற்பது. இரண்டையும் சேர்த்துக் கொண்டால் விஷயம் பூரணமாகின்றது. கல்லும் நகராமல்தான் நிற்கிறது. ஆனால் கல்லுக்கு முகமில்லை.

நம் முன்னோர் இந்த விஷயத்தைப் பற்றி எவ்வளவு நுட்பமாகச் சிந்தித்தார்கள் என்பதற்குப் புறத்திணை இலக்கணமே சான்று. பழைய காலத்துப் போர் பெரும்பாலும் மாட்டிலிருந்து தொடங்கிற்று. பிறர் ஆநிரையைக் கவரச் செல்பவர் வெட்சிப்பூச் சூடினர். இது எல்லோரும் பள்ளிக்கூடத்தில் படித்ததே. ஆனால் கவர்ந்தவனுக்குப் பூ உண்டென்றால், தன் மாட்டை மீட்கப் போகிறவனுக்கு என்ன பூ? தொல்காப்பியர் புறத்திணைகளை ஏழாக வகுத்தார். நிரை கவர்தலையும் நிரை மீட்டலையும் வெட்சி என்னும் ஒரே திணைக்குள் அடக்கினார். கோட்டையை முற்றுகையிடுவதையும் உள்ளிருந்து காப்பதையும் உழிஞைக்குள்ளேயே வைத்தார். பிற்காலத்தில் புறப்பொருள் வெண்பாமாலை இயற்றிய ஐயனாரிதனார் பன்னிரண்டு திணைகளாகப் பெருக்கினார். அங்கே நிரை கவர்வோனுக்கு வெட்சி, மீட்போனுக்குக் கரந்தை. மண்ணைக் கவர வருவோனுக்கு வஞ்சி, தன் மண்ணைக் காத்து நிற்போனுக்குக் காஞ்சி. மதிலை வளைப்போனுக்கு உழிஞை, மதிலைக் காப்போனுக்கு நொச்சி. மகாமகோபாத்தியாய சாமிநாதையரவர்கள் 1895-இல் இந்நூலைப் பதிப்பித்து வெளியிட்ட பிறகே இந்தப் பாகுபாடு படித்த குடும்பங்களில் பலருக்கும் தெரியவந்தது.

இந்த மாறுதலை வெறும் இலக்கணப் பெருக்கம் என்று தள்ளிவிட நமக்கு விருப்பமில்லை. இரு திறத்தாரும் வாளையே ஏந்தினர். இரு திறத்தாரும் கொன்றனர், மடிந்தனர். தூரத்திலிருந்து பார்ப்பவன் கண்ணுக்கு இரண்டும் ஒரே கலவரந்தான். ஆயினும், 'இவன் பூ வேறு, அவன் பூ வேறு' என்று சொல்லுவதற்கு ஒரு மொழி முற்பட்டதென்றால், செயல் ஒன்றாயினும் நிலை வேறு என்பதை அது உணர்ந்து விட்டது என்றே கொள்ளவேண்டும். போர்க்களத்தின் புழுதியில் முகம் தெரியாது. தலையில் சூடிய பூ தெரியும். இரு வேந்தரும் ஒரு களங் குறித்து, தம் வீரம் ஒன்றையே பொருளாக வைத்துப் பொருதும் தும்பையில் மாத்திரம் இருவருக்கும் ஒரே பூ. அங்கே யாரும் யார் வீட்டிலும் காலை வைக்கவில்லையாதலால் அது பொருத்தமே.

காவற்பூவாகிய இந்த நொச்சியை நேயர்கள் காணாமல் இருந்திருக்க முடியாது. கிராமத்து வேலியெங்கும் தானாக வளர்ந்து நிற்கும் செடி அது. ஜலதோஷத்துக்கு ஆவி பிடிக்க அதன் தழையைப் பறிக்கிறோம். குதிரில் கொட்டிய நெல்லைப் பூச்சி அரிக்காமல் இருக்க அதன் தழையைப் போட்டு வைக்கிறோம். கோட்டையைக் காத்த காலம் போய்விட்டாலும் நொச்சி தன் உத்தியோகத்தை விடவில்லை!

ஏட்டில் மாத்திரம் அன்று, கல்லிலும் இந்தக் கதை எழுதப்பட்டிருக்கின்றது. திருவண்ணாமலைப் பிரதேசத்தில், முக்கியமாகச் செங்கத்தைச் சுற்றிலும், பல்லவர் காலத்து நடுகற்கள் பல கண்டெடுக்கப்பட்டுள்ளன. அவற்றிலே மாட்டு மந்தைக்கு வழங்கும் சொல் 'தொறு'. தொறுவை மீட்டுப் பட்டான் என்று ஒருவனுடைய வாழ்வு முழுவதையும் ஓரிரு வரிகளில் எழுதி முடித்திருக்கிறார்கள். மீட்டான், பட்டான்; இரண்டே வினைச்சொற்கள். அவன் எத்தனை பேரைக் கொன்றான் என்ற கணக்கு அந்த வாசகத்தில் இல்லை. எதை மீட்டான் என்பதே இருக்கின்றது. அப்பகுதியைச் சேர்ந்த எடுத்தனூரில் மகேந்திரவர்ம பல்லவன் காலத்துக் கல் ஒன்று உண்டு. எருமைகளைக் காக்க நின்று இறந்த கருந்தேவக்கத்தி என்னும் வீரனோடு, அவன் நாயும் அதில் செதுக்கப்பட்டிருக்கிறது. நாயின் பெயர் கோவிவன். இரண்டு கள்வரை அது கடித்துக் காத்து நின்றதாகக் கல்லெழுத்துக் கூறுகின்றது. ஏறக்குறைய 1,400 ஆண்டுகளுக்கு முன் ஒரு நாய்க்குப் பெயரும் புகழும் கல்லில் கிடைத்தன என்றால், அது குரைத்ததற்காக அன்று, ஓடாமல் நின்றதற்காக.

கல்லிலும் ஏட்டிலும் உள்ளவர்களைப் பற்றிப் பேசிக் கொண்டிருக்கையில், நமக்கு நேரில் தெரிந்த ஒருவர் நினைவு வருகின்றது. அவர் நம் தகப்பனாரின் அத்தை. இளம் வயதிலேயே கணவரை இழந்தவர். காவிரிப் பாசனத்துக் கிராமம் ஒன்றில் அவருக்குச் சொற்ப நிலம் இருந்தது. பக்கத்து நிலம் கணவர் வழிப் பங்காளி ஒருவருடையது. அந்த மனிதர் ஒவ்வொரு வருஷமும் உழவின்போது வரப்பை ஒரு சாண் இப்பால் தள்ளிவிடுவார். ஒரு சாண்தானே! யாரிடம் போய்ச் சொல்லுவது? ஐந்தாறு வருஷத்தில் அந்தச் சாண்கள் ஒன்று சேர்ந்து ஒரு நாற்றங்காலே காணாமற் போயிற்று. ஆக்கிரமிப்பு என்பது எப்போதும் ஒரே பாய்ச்சலில் வருவதில்லை என்பதை நாம் கற்றுக்கொண்ட இடம் அது.

உறவினர்கள் கூடி யோசனை சொன்னார்கள். இராத்திரியோடு இராத்திரியாக ஆட்களை விட்டு வரப்பைப் பழைய இடத்தில் வெட்டிவிடலாம் என்றார் ஒருவர். அவருடைய வைக்கோற்போருக்கு ஒரு தீக்குச்சி போதும் என்றார் இன்னொருவர். அத்தைப் பாட்டி இரண்டுக்கும் இணங்கவில்லை.

"இருட்டிலே போய் வெட்டினால், விடிந்தபிறகு நானும் அவனும் ஒன்றுதானே?" என்றார்.

அடுத்த உழவன்று விடியற்காலையிலேயே போய் வரப்பின்மேல் நின்றுவிட்டார். ஏர் அருகில் வந்தது.

"அண்ணி, மாடு மிரளும். வழியை விட்டு நில்லுங்கள்" என்றார் பங்காளி.

"வழி உன் பக்கத்தில் இருக்கிறது, தம்பி. இது வரப்பு" என்றார் பாட்டி.

அவர் குரலை உயர்த்தவும் இல்லை. ஒரு கடுஞ்சொல் சொல்லவும் இல்லை. ஆனால் ஏர் திரும்பிப் போகும் வரையில் நகரவும் இல்லை. மறுநாளும் நின்றார். அதற்கு அடுத்த போகத்திலும் நின்றார். களை பறிக்க வந்த பெண்கள் நின்று பார்த்தார்கள். வாய்க்காலில் மடை திறக்க வந்தவர்கள் பார்த்தார்கள். ஒரு வரப்பின் சங்கதி ஊருக்குத் தெரிந்த சங்கதியாயிற்று. பிறகு கர்ணம் வந்து சங்கிலி போட்டு அளந்தார்; மண்ணுக்குள் புதைந்துபோன எல்லைக் கல்லைத் தோண்டி எடுத்தார்கள். நிலம் பெரும்பாலும் திரும்பி வந்தது. வரப்போரத்துத் தென்னைமரம் ஒன்று மாத்திரம் ஏதோ கணக்கில் அவர் பக்கமே நின்றுவிட்டது. அந்தப் பங்காளி வீட்டார் அதன்பின் வெகுகாலம் பாட்டியை எந்த விசேஷத்துக்கும் அழைக்கவில்லை. பாட்டி அதற்காக வருந்தவில்லை என்று நாம் சொல்லமாட்டோம், வருந்தத்தான் செய்தார். எதிர்த்து நிற்பவருக்கு முழு வெற்றி கிடைப்பது அபூர்வம். செலவில்லாமல் கிடைப்பது அதனினும் அபூர்வம்.

அவர் செய்த காரியத்துக்கு ஊரார் அன்று வைத்த பெயர் 'பிடிவாதம்'. அது அவ்வளவு தவறான பெயர் அன்று என்பதைச் சரித்திரத்திலிருந்தே காட்டலாம். ஏனெனில் இந்த விதமான எதிர்ப்புக்குப் பெயர் தேடிய ஒரு பெரியவர், கடைசியில் ஏறக்குறைய அந்தச் சொல்லில்தான் போய் நின்றார்.

தென்னாப்பிரிக்காவில் டிரான்ஸ்வால் சர்க்கார் 1906-இல் ஒரு சட்டம் கொண்டு வந்தது. அங்குள்ள இந்தியரில் எட்டு வயதுக்கு மேற்பட்ட ஒவ்வொருவரும் கைரேகை வைத்துப் பதிவு செய்துகொண்டு, அத்தாட்சிச் சீட்டை எப்போதும் வைத்திருக்க வேண்டும் என்பது அதன் சாரம். அவ்வருஷம் செப்டம்பர் 11-ஆம் தேதி ஜோஹானஸ்பர்க் எம்பயர் தியேட்டரில் இந்தியர்கள் பெருங்கூட்டமாகக் கூடி, இச்சட்டத்துக்குப் பணிவதில்லை என்று ஆண்டவன்மேல் ஆணையிட்டார்கள். காரியம் தொடங்கிவிட்டது, ஆனால் அதற்குப் பெயரில்லை. இங்கிலீஷில் வழங்கிய 'பாஸிவ் ரெஸிஸ்டன்ஸ்' என்பதையே காந்தியடிகளும் முதலில் வழங்கினார். தமிழில் அதைச் சாத்விக எதிர்ப்பு என்பார்கள். பிறகு ஜெர்மிஸ்டனில் நடந்த ஐரோப்பியர் கூட்டம் ஒன்றில், இந்தியரிடம் அன்பு கொண்ட ஹாஸ்கன் என்பவர் பேசினார். வோட்டும் இல்லாமல் ஆயுதமும் இல்லாமல் பலவீனராய் இருப்பதால் இந்தியர் இந்த வழியைப் பற்றியிருக்கிறார்கள் என்று அவர் பரிவோடு விளக்கினார். அந்தப் பரிவே காந்தியடிகளைத் தைத்துவிட்டது. இது ஏலாதவன் ஆயுதமன்று என்று அங்கேயே எழுந்து மறுத்துச் சொன்னார். ஒரு சொல் தவறாக அமைந்துவிட்டால் நண்பன்கூட நம்மைத் தவறாகப் புரிந்து கொள்வான் என்பதற்கு இதைவிட வேறு உதாரணம் வேண்டியதில்லை.

அதன்மேல் 'இந்தியன் ஒப்பீனியன்' பத்திரிகையில் புதுப்பெயருக்குப் பரிசு அறிவித்தார்கள். மகன்லால் காந்தி 'சதாக்கிரகம்' என்று எழுதி அனுப்பினார். நற்காரியத்தில் உறுதி என்பது பொருள். காந்தியடிகள் அதைச் சற்றே திருத்திச் 'சத்தியாக்கிரகம்' ஆக்கினார். ஆக்கிரகம் என்றால் விடாப்பிடி. சத்தியத்தை விடாப்பிடியாகப் பிடித்து நிற்றல். எதிர்ப்பு என்னும் பொருளுடைய சொல்லே அந்தப் பெயரில் இல்லை என்பதை நேயர்கள் கவனிக்கவேண்டும். எதை எதிர்க்கிறோம் என்பதைவிட எதைப் பற்றி நிற்கிறோம் என்பதே பெயராயிற்று.

ஆயினும் அந்தப் பெயர் தாங்கிய காரியத்தில் நம் தமிழ்ச் சொல்லின் முழுப்பொருளும் விளங்கியது என்று கூறத் தயங்கமாட்டோம். தமிழர் அந்தப் போரில் பட்ட பாடு யாவரும் அறிந்தது. தில்லையாடி வள்ளியம்மை பதினாறு வயதுப் பெண். சிறைவாசத்தில் பற்றிய காய்ச்சலோடு வெளியே வந்து, 1914 பிப்ரவரி 22-இல் உயிர் நீத்தாள். சிறை சென்றதற்காக வருந்துகிறாயா என்று காந்தியடிகள் கேட்டபோது, இப்போதே மறுபடியும் போகச் சித்தமாயிருப்பதாக அவள் சொன்னதை அவரே எழுதி வைத்திருக்கிறார். 1930-இல் உப்புச் சட்டத்தை மீறப் புறப்படுமுன், மார்ச் 2-ஆம் தேதியே வைசிராய்க்குக் கடிதம் எழுதி, தாம் செய்யப்போவதைச் சொல்லிவிட்டே மார்ச் 12-இல் அடியெடுத்து வைத்தார் காந்தியடிகள். எந்தச் சேனாதிபதியாவது தன் திட்டத்தைப் பகைவனுக்கு முன்கூட்டி எழுதியனுப்புவானா? முகங்காட்டி நிற்பவன் அனுப்புவான்.

அவ்வருஷம் ஏப்ரல் 13-இல் ராஜாஜி சுமார் நூறு தொண்டர்களுடன் திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்தார். ஏறக்குறைய 150 மைல். தஞ்சை ஜில்லா கலெக்டர் தார்ன், இவர்களுக்குச் சோறும் இடமும் கொடுப்பவர்கள் தண்டிக்கப்படுவார்கள் என்று உத்தரவு போட்டார். ஜனங்கள் உணவைப் பொட்டலங் கட்டி வழிநெடுக மரங்களில் தொங்கவிட்டதை இன்றும் அப்பக்கத்தில் கதையாகச் சொல்லுகிறார்கள். தொண்டர்களை எதிர்கொண்டழைத்தார்கள், உத்தரவை எதிர்த்தார்கள். செய்தது ஒரே செய்கை. சோற்றுப் பொட்டலம் ஒன்றில் 'எதிர்' என்னும் சொல்லின் இரண்டு பொருளும் அடங்கியிருந்தன.

இவ்வளவு கௌரவம் படைத்த சொல்லாயிருப்பதனால்தான் இதைத் திருடுவோரும் மிகுந்திருக்கிறார்கள். 1931 செப்டம்பர் 18-இல் மஞ்சூரியாவில் முக்டன் நகரத்தருகே ரயில் பாதையில் வெடி வைத்தவர்கள் ஜப்பானியப் படை அதிகாரிகளே. சீனர் வைத்ததாகச் சொல்லி, தற்காப்பின் பெயரால் மஞ்சூரியா முழுவதையும் விழுங்கினார்கள். சர்வதேச சங்கம் அனுப்பிய லிட்டன் கமிஷன் 1932-இல், அன்றிரவு ஜப்பானியப் படை செய்ததை நியாயமான தற்காப்பாகக் கொள்ள முடியாது என்று தெரிவித்தது. 1939 ஆகஸ்டு 31-ஆம் தேதி இரவு, ஜெர்மன் எல்லைக்குள் கிளைவிட்ஸ் என்னுமிடத்தில் இருந்த ரேடியோ நிலையத்தைப் போலந்துக்காரர் தாக்கியதாக நாஜிகளே ஒரு நாடகம் ஆடினார்கள். பொழுது விடியும்போது ஜெர்மன் சேனை போலந்துக்குள் இருந்தது. தாங்கள் திருப்பிச் சுடுவதாகவே ஹிட்லர் உலகத்துக்குச் சொன்னார். வெட்சி சூடியவன் கரந்தையைத் திருடிச் சூடிக்கொண்ட கதை இது. திருடுகிறவன் ஏன் அந்தப் பூவைத் தேடுகிறான்? அதற்கு மதிப்பு உண்டென்பது அவனுக்கும் தெரியும்.

உலகத்தார் இந்த மயக்கத்தை நீக்க முயலாமல் இல்லை. 1945-இல் ஐக்கிய நாடுகள் சாஸனம், தாக்கப்பட்ட நாட்டுக்குத் தற்காத்துக்கொள்ளும் உரிமை இயல்பிலேயே உண்டு என்று 51-ஆம் விதியில் ஒப்புக்கொண்டது. தாக்குதல் எது என்று வரையறுக்க மேலும் 29 வருஷங்கள் ஆயின. 1974 டிசம்பர் 14-இல் பொதுச்சபை நிறைவேற்றிய தீர்மானம், முதலில் ஆயுதத்தைப் பிரயோகித்தவனையே மேலெழுந்தவாரியாகக் குற்றத்துக்கு உரியவனாகக் கொள்ளலாம் என்கின்றது. நம் அத்தைப் பாட்டி சர்வதேசச் சட்டம் படித்தவரல்லர். ஆனால் 'வரப்பை முதலில் வெட்டியது யார்?' என்பதுதான் அவர் கேட்ட கேள்வியும்.

இதில் எதிர்ப்பவருக்கும் ஓர் எச்சரிக்கை இருக்கின்றது. வைத்தியர்கள் சொல்லும் நோய் எதிர்ப்பைப் பாருங்கள். உடம்புக்குள் புகுந்த கிருமியை அந்நியன் என்று கண்டு தடுப்பதே அதன் வேலை. சில உடம்புகளில் அந்தச் சக்திக்குத் தன்னவன், அந்நியன் என்ற விவேகம் தவறிவிடுகிறது. அப்போது அது தன் சொந்த மூட்டுகளையே தாக்கி வீங்கச் செய்கின்றது. சக்தி குறைந்ததனால் வந்த நோய் அன்று அது. அடையாளம் தவறியதனால் வந்த நோய். சமூகத்திலும் அப்படியே. எங்கோ ஒரு சர்க்கார் செய்த அநியாயத்துக்கு எதிர்ப்பு என்று சொல்லிக்கொண்டு, அந்தச் சர்க்காரின் மொழியைப் பேசும் ஏழைக் கடைக்காரனின் கண்ணாடியை உடைக்கிறவன் யாரை எதிர்த்தான்? அவன் கடைக்காரன் யார் வரப்பையும் வெட்டவில்லை. கல்லெறிந்தவனும் கூட்டத்தின் பின்னால் நின்றுதான் எறிந்தான். முகமும் இல்லை, எதிரும் இல்லை. அதற்கு எதிர்ப்பு என்ற பெயரை எப்படிக் கொடுப்பது?

நம் மொழியில் சொற்களுக்குப் பஞ்சமில்லை. ஒரு யோசனை பிடிக்கவில்லையென்றால் ஆட்சேபம் என்று சொல்லலாம். ஒருவர் பேச்சைக் குறைகூறக் கண்டனம் இருக்கிறது. ஒப்புக்கொள்ள முடியாததற்கு மறுப்பு இருக்கிறது. மனத்திலுள்ள கசப்புக்கு வெறுப்பு என்ற சொல் இருக்கிறது. அதை வெறுப்பென்றே சொல்வது நாணயம். பழைய கணக்கைத் தீர்ப்பதற்குப் பழி வாங்கல் என்ற பெயர் இருக்கிறது. பிறர் வீட்டுக்குள் காலை வைப்பவனுக்குச் சொல்லவே வேண்டாம். ஆக்கிரமிப்பு என்ற சொல் அவனுக்காகவே காத்திருக்கின்றது. இத்தனையும் இருக்க, எல்லாவற்றுக்கும் எதிர்ப்பு என்ற ஒரே சொல்லைத் தொட்டுத் தேய்ப்பானேன்?

பத்திரிகைக்காரர்களிடமும், மேடையில் பேசுவோரிடமும், வீட்டில் குழந்தைகளுக்குத் தமிழ் சொல்லிக் கொடுக்கும் தாய்மாரிடமும் நாம் வேண்டிக்கொள்வது இதுதான். மற்றச் சொற்களை அவரவர் விருப்பப்படி வழங்கட்டும். எதிர்ப்பு என்ற சொல்லை மாத்திரம், தன் வரப்பின்மேல் பிறன் கால் பட்ட பிறகு, பகல் வெளிச்சத்தில், வருகிறவன் கண்ணுக்குத் தெரியும்படி நிற்கிறவர்களுக்கு என்று ஒதுக்கி வைத்துவிட வேண்டும். அவர்களுடைய நிலம் திரும்பி வருமோ வராதோ, நாம் சொல்ல முடியாது. அவர்களுக்கு உரிய சொல்லையாவது பிறர் கவர்ந்து போகாமல் காப்பது நம் கையில் இருக்கின்றது.